துர்மிடோர் போகிறீர்களா? விசாவையும் தண்ணீரையும் முதலில் பாருங்கள்

தென்கிழக்கு ஐரோப்பாவில் இருக்கும் சிறிய நாடு மாண்டினீக்ரோ. அதன் வடக்கில் துர்மிடோர் என்றொரு மலை இருக்கிறது. போன கோடையில் நானும் தம்பியும் அங்கே போய் வந்தோம். மலையில் இருந்தது நான்கு நாள். அந்த நான்கு நாளுக்காக நான் காகிதங்களோடு மல்லுக்கட்டியது மூன்று மாதம். தேடிப் படித்த குறிப்பெல்லாம் ஐரோப்பியப் பாஸ்போர்ட்காரர்கள் எழுதியவை. பையைத் தூக்கிக்கொண்டு கிளம்ப வேண்டியதுதான் என்கிற மாதிரி எழுதியிருந்தார்கள். இந்தியப் பாஸ்போர்ட்டோடு அப்படிக் கிளம்ப முடியாது. நான் முட்டி மோதித் தெரிந்துகொண்டதை வரிசையாக எழுதுகிறேன்.

இடத்தைப் பற்றி ஒரு பத்தி சொல்லிவிடுகிறேன், பிறகு வருவது புரிய அது வேண்டும். துர்மிடோர் ஒற்றை மலை இல்லை, சுண்ணாம்புப் பாறையாலான ஒரு பெரும் மலைத்தொகுதி. 2,000 மீட்டரைத் தாண்டும் சிகரங்கள் மட்டும் 48 என்று கணக்கு சொல்கிறார்கள். உயரமானது போபோடோவ் கூக், 2,523 மீட்டர். பனியாறுகள் குடைந்துவிட்டுப் போன பள்ளங்களில் 18 ஏரிகள் கிடக்கின்றன. ஊர்க்காரர்கள் அவற்றை 'மலையின் கண்கள்' என்கிறார்கள். மலையின் வடக்கு ஓரத்தில் தாரா ஆறு 1,300 மீட்டர் ஆழத்துக்கு வெட்டிய பள்ளத்தாக்கு. எல்லாம் சேர்ந்து ஒரு தேசியப் பூங்கா, 1980 முதல் யுனெஸ்கோ பட்டியலிலும் இருக்கிறது. தங்கும் ஊர் ஷப்லியாக். ஊரே 1,456 மீட்டர் உயரத்தில் இருக்கிறது.

1. முதலில் மாதத்தை முடிவு செய்யுங்கள்

விசாவுக்கு முன்னால் இதைச் செய்யுங்கள், தேதியை வைத்துத்தான் மற்ற எல்லாம். உச்சி ஏற வேண்டுமானால் ஜூலை முதல் செப்டம்பர் நடுப்பகுதி வரை. ஜூன் மாதம் பள்ளிப் படங்களில் வருவது போலப் பச்சையாக இருக்கும், ஆனால் உயரமான கணவாய்களில் கெட்டிப்பட்ட பனி கிடக்கும். அதில் நடக்கப் பழக்கமும் கருவியும் வேண்டும். அக்டோபரில் முதல் பனி எப்போது வேண்டுமானாலும் விழும். ஜூலை, ஆகஸ்டில் வேறு தொல்லை: மதியத்துக்கு மேல் இடி மழை. காலை 9 மணிக்குக் கண்ணாடி மாதிரி இருக்கும் வானம் 2 மணிக்குக் கறுத்துவிடும்.

ஏரி, காடு, பள்ளத்தாக்கு மட்டும் போதும் என்பவர்களுக்கு மே கடைசியும் செப்டம்பரும் அருமை. கூட்டமும் இல்லை, அறை வாடகையும் இறங்கியிருக்கும்.

2. விசா: எல்லாரும் தடுக்கி விழும் இடம்

மாண்டினீக்ரோ ஐரோப்பிய ஒன்றியத்தில் இல்லை, ஒரே விசாவில் சுற்றக்கூடிய ஐரோப்பிய நாடுகளின் கூட்டமான ஷெங்கனிலும் இல்லை. ஆனால் செலவு யூரோவில். இந்தக் குழப்பத்தில்தான் பலர் ஏமாறுகிறார்கள்.

இந்திய, இலங்கைப் பாஸ்போர்ட்டுக்கு விசா தேவை. ஆனால் ஒரு கதவு திறந்திருக்கிறது. செல்லுபடியாகும் ஷெங்கன், அமெரிக்க, பிரிட்டன் அல்லது அயர்லாந்து விசா பாஸ்போர்ட்டில் இருந்தாலோ, அந்த நாடுகளில் வசிக்கும் அனுமதி இருந்தாலோ, தனி விசா இல்லாமல் 30 நாள் வரை இருக்கலாம். அந்த விசா 30 நாளுக்குள் முடிந்தால், முடியும் நாள் வரைதான். லண்டனிலோ பாரிஸிலோ குடியிருக்கும் நம்மவர்களுக்கு இது மிகப் பெரிய சௌகரியம்.

இப்போது நான் விழுந்த குழி. ஐந்து நாள் வியன்னா, பிறகு மாண்டினீக்ரோ, திரும்ப வியன்னா வந்து ஊருக்கு விமானம் என்று திட்டம் போட்டேன். ஷெங்கன் விசா வந்தது. 'எத்தனை முறை நுழையலாம்' என்ற கட்டத்தில் 01 என்று அச்சிட்டிருந்தது. ஒருமுறை வியன்னாவுக்குள் நுழைந்து வெளியே வந்தால் அந்த விசாவின் கதை முடிந்தது. மாண்டினீக்ரோ எல்லையில் அது செல்லுபடியாகும் விசா ஆகாது, திரும்ப வியன்னாவுக்குள்ளும் போக முடியாது. தேதி இன்னும் ஒரு மாதம் மிச்சம் இருந்தாலும் பயனில்லை.

தம்பிதான் வழி கண்டுபிடித்தான். "அண்ணே, வரிசையை மாத்திப் போட்டா?" என்றான். முதலில் மாண்டினீக்ரோ, பிறகு வியன்னா. இன்னும் பயன்படுத்தாத விசா, தேதியும் தொடங்கிவிட்டது, ஆகவே செல்லும். டிக்கெட்டை மாற்றியதில் ஆளுக்குப் பதினோராயிரம் ரூபாய் போச்சு. போகட்டும், பயணம் தப்பித்தது.

நீங்கள் செய்ய வேண்டியது:

விண்ணப்பத்திலேயே பலமுறை நுழைவு கேளுங்கள். ஏன் வேண்டும் என்று இணைப்புக் கடிதத்தில் இரண்டு வரி எழுதி, மாண்டினீக்ரோ போக வர டிக்கெட் முன்பதிவையும் வையுங்கள். கேட்டால் கிடைத்துவிடும் என்று உறுதி இல்லை, கேட்காவிட்டால் நிச்சயம் 01தான். ஷெங்கன் விசா உண்மையிலேயே ஷெங்கன் நாட்டைச் சுற்றுபவர்களுக்குத்தான் என்பதையும் மறக்காதீர்கள். மாண்டினீக்ரோவுக்காக மட்டும் அதை வாங்க நினைத்துக் கற்பனைத் திட்டம் கொடுத்தால் அடுத்த விண்ணப்பத்தில் மாட்டுவீர்கள். அதிக நாள் எந்த நாட்டில் தங்குகிறீர்களோ அந்த நாட்டுக்கு விண்ணப்பம். பயணத்துக்கு 6 மாதம் முன்பிருந்தே கொடுக்கலாம். பரிசீலனைக்கு 15 நாள் என்பது விதி, கோடையில் நேர்முக நாள் கிடைப்பதற்கே வாரக் கணக்கு ஆகும். கட்டணம் பெரியவர்களுக்கு 90 யூரோ, அதற்கு மேல் விசா விண்ணப்ப மையத்தின் சேவைக் கட்டணம்.

மாண்டினீக்ரோ வெளியுறவு அமைச்சகத்தின் இணையப் பக்கத்தில் இந்த 30 நாள் விதி ஆங்கிலத்தில் இருக்கிறது. கிளம்பும் வாரத்தில் ஒருமுறை திறந்து பாருங்கள், விசா விதிகள் சொல்லாமல் மாறும். பார்த்ததைத் தாளில் அச்செடுத்துக்கொள்ளுங்கள். போனில் படம் போதாதா என்று கேட்காதீர்கள். விமான நிலையக் கவுன்டரில் இருந்த பெண்ணுக்கு இந்த விதி தெரியவில்லை, "மாண்டினீக்ரோ விசா எங்கே சார்?" என்றார். தாளை நீட்டினேன். அவர் உள்ளே எடுத்துப் போய் மேலதிகாரியிடம் காட்டித் திரும்பி வர இருபது நிமிடம். அந்த நேரத்தில் போனில் சார்ஜ் 9 சதவீதம்.

3. இன்சூரன்ஸில் இரண்டு வரியைத் தேடுங்கள்

ஷெங்கனுக்காக 30,000 யூரோ பாதுகாப்புள்ள பயண இன்சூரன்ஸ் எப்படியும் எடுப்பீர்கள். அதில் ஷெங்கன் நாடுகள் மட்டும் என்று இருந்தால் மாண்டினீக்ரோவில் உதவாது. ஐரோப்பா முழுக்க என்று இருக்கும் பாலிசியைக் கேளுங்கள். இரண்டாவது வரி, மலையேற்றம். பல பாலிசிகள் குறிப்பிட்ட உயரத்துக்கு மேல் நடப்பதையும், மீட்புக்கு ஆகும் செலவையும் ஓரங்கட்டிவிடும். எங்கள் பாலிசியில் அது பதினாலாம் பக்கத்தில் எறும்பு எழுத்தில் இருந்தது. கூடுதலாகச் சில நூறு ரூபாய் கட்டிச் சேர்த்துக்கொண்டோம்.

4. போய்ச் சேர்வது

தலைநகர் போட்கோரிட்சாவில் விமான நிலையம் இருக்கிறது. இந்தியாவிலிருந்து நேரடி விமானம் இல்லை, இஸ்தான்புல், வியன்னா, பெல்கிரேட் மாதிரி ஏதாவது ஒரு ஊரில் மாற வேண்டும். இஸ்தான்புல் வழியாகப் போவதானால் ஊரிலிருந்து போட்கோரிட்சா வரை ஒரே டிக்கெட்டாக எடுங்கள். மலிவு என்று இரண்டு தனித்தனி டிக்கெட் எடுத்தால், இஸ்தான்புல்லில் பெட்டியை வெளியே வந்து எடுத்து மறுபடி போட வேண்டியிருக்கும். வெளியே வர துருக்கி விசா வேண்டும். மிச்சம் பிடித்த காசு அங்கேயே போய்விடும்.

இன்னொரு வழி, குரோஷியாவின் துப்ரோவ்னிக்கிலிருந்து சாலையில். குரோஷியா 2023 முதல் ஷெங்கனுக்குள் இருப்பதால் அங்கிருந்து வெளியேறினால் ஒரு நுழைவு கழிந்துவிடும். கோடையில் அந்த எல்லையில் பஸ்கள் மணிக்கணக்கில் நிற்கும்.

போட்கோரிட்சாவிலிருந்து ஷப்லியாக்குக்கு நிக்ஷிச், ஷாவ்னிக் வழியாகப் பஸ் போகிறது. ஏறத்தாழ மூன்று மணி நேரம். நாங்கள் ஆளுக்குப் பத்து யூரோவுக்குள் கொடுத்தோம். ஒரு நாளைக்குச் சில பஸ்கள்தான், ஞாயிற்றுக்கிழமை இன்னும் குறையும். பெட்டியை அடியில் வைக்கத் தனியாக ஒரு யூரோ கேட்பார்கள், சில்லறையாக வைத்துக்கொள்ளுங்கள். முதலில் எனக்கு அது ஏமாற்று வேலை என்று பட்டது. அந்த ஊர்ப் பாட்டியும் முணுமுணுக்காமல் கொடுத்தபோதுதான் வழக்கமே அப்படி என்று புரிந்தது.

வாடகைக் கார் எடுப்பவர்கள் சர்வதேச ஓட்டுநர் அனுமதியை ஊரிலேயே ஆர்.டி.ஓ. அலுவலகத்தில் வாங்கிவிடுங்கள். கட்டணம் 1,000 ரூபாய். பாஸ்போர்ட், விசா, உரிமம் மூன்றின் நகலும் கேட்பார்கள். அங்கே பட்டப்பகலிலும் முகப்பு விளக்கு எரிய வேண்டும் என்பது சட்டம். முன்பணத்தைக் கிரெடிட் கார்டில்தான் பிடித்து வைப்பார்கள், டெபிட் கார்டு என்றால் பல இடங்களில் கையை விரிப்பார்கள். மலையைச் சுற்றி வரும் சாலை சுமார் 80 கி.மீ., மிக அழகு, மிகக் குறுகல். எதிரே வண்டி வந்தால் யாராவது ஒருவர் பின்னால் போயாக வேண்டும்.

5. வந்து 24 மணி நேரத்துக்குள் பதிவு

நாட்டுக்குள் வந்த 24 மணி நேரத்துக்குள் நீங்கள் தங்கும் இடம் பதிவாகியிருக்க வேண்டும். ஹோட்டலில் அவர்களே செய்துவிடுவார்கள். வீட்டில் அறை எடுத்தால் வீட்டுக்காரர் செய்ய வேண்டும், அல்லது நீங்களே உள்ளூர்ச் சுற்றுலா அலுவலகத்துக்கோ போலீஸுக்கோ போக வேண்டும். நாங்கள் தங்கிய வீட்டுக்காரர் "அதெல்லாம் யார் கேட்கப் போறாங்க" என்கிற தோரணையில் கையை ஆட்டினார். நாங்கள் விடவில்லை. பாஸ்போர்ட்டோடு ஊர் நடுவே இருக்கும் சுற்றுலா அலுவலகத்துக்குப் போனோம், பத்து நிமிட வேலை. ஆளுக்கு ஓர் இரவுக்கு ஒரு யூரோ அளவில் சுற்றுலா வரி. கொடுத்த சீட்டைப் பாஸ்போர்ட்டுக்குள் வைத்துக்கொள்ளுங்கள். விசா இல்லாமல் இன்னொரு நாட்டு விசாவைக் காட்டி நுழைந்தவர் நீங்கள். காகிதத்தில் ஒரு குறையும் இருக்கக்கூடாது.

6. பணமும் சாப்பாடும்

ஷப்லியாக்கில் இரண்டு பேருக்கு அறை கோடையில் 35 முதல் 50 யூரோ. பல வீடுகளில் ரொக்கம்தான். ஏ.டி.எம்.மில் வெளிநாட்டு கார்டுக்கு ஒவ்வொரு தடவையும் சில யூரோ பிடிப்பார்கள், ஆகவே அடிக்கடி எடுக்காமல் மொத்தமாக எடுங்கள். "ரூபாயில் கணக்கிடவா?" என்று திரை கேட்டால் வேண்டாம் என்று அழுத்துங்கள்.

சாப்பாட்டில் அசைவக்காரர்களுக்குக் கவலையே இல்லை. சைவர்களுக்கு இரண்டு நாளில் ரொட்டியும் பாலாடைக்கட்டியும் அலுத்துவிடும். கச்சமாக் கேளுங்கள். உருளைக்கிழங்கையும் மாவையும் களி மாதிரி கிளறி, கைமாக் என்ற கெட்டியான பாலேட்டைக் கலந்து தருவார்கள். ஒரு தட்டை ஒருவர் முடிப்பது கஷ்டம், நடந்து களைத்தவர் முடித்துவிடுவார். பால் பொருளும் வேண்டாம் என்றால் 'போஸ்னோ' என்று சொல்லுங்கள். அவர்களுடைய ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவ விரதச் சாப்பாட்டுக்கு அந்தப் பெயர்: இறைச்சி, முட்டை, பால் எதுவும் சேராது. மீன் மட்டும் சில சமயம் நுழையும், அதைக் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். 'வெஜிடேரியன்' என்றதும் விழித்த பரிமாறுபவர், 'போஸ்னோ' என்றதும் சிரித்துவிட்டு பீன்ஸ் சூப் கொண்டு வந்தார்.

7. முதல் நாள்: கருப்பு ஏரி மட்டும்

வந்த அன்றோ மறுநாளோ உச்சிக்குக் கிளம்பாதீர்கள். ஊரிலிருந்து மூன்று கி.மீ. நடந்தால் கருப்பு ஏரி. பூங்கா நுழைவுச்சீட்டை அங்கேதான் கொடுப்பார்கள். நாள் சீட்டு சில யூரோ. இரண்டு மூன்று நாள் இருப்பதானால் பல நாள் சீட்டு இருக்கிறதா என்று முதலிலேயே கேளுங்கள்.

ஏரியைச் சுற்றி வரும் பாதை மூன்றரை கி.மீ. சொச்சம். குழந்தையோடும் போகலாம். பார்த்தால் ஒரே ஏரி மாதிரி தெரியும், உண்மையில் பெரியது ஒன்று, சிறியது ஒன்று. நடுவே ஒரு குறுகிய இணைப்பு, கோடை முற்றினால் அதுவும் வற்றிப் பிரிந்துவிடும். வேடிக்கை என்னவென்றால் சிறிய ஏரிதான் ஆழம்: 49 மீட்டர். பெரியது அதில் பாதிதான். ஏரிக்குப் பின்னால் ஸ்ப்ரூஸ் மரங்களுக்கு மேலே மேட்ஜெட் என்ற பாறைச் சிகரம் சுவர் மாதிரி எழும்பி நிற்கும்.

ஏரித் தண்ணீர் எங்கே போகிறது என்று கவனியுங்கள். வடியும் ஆறு என்று பெரிதாக எதுவும் கண்ணில் படாது. சுண்ணாம்புப் பாறையின் ஓட்டைகள் வழியே நிலத்துக்கடியில் இறங்கி, ஒரு பங்கு தாராவுக்கும் ஒரு பங்கு மலைக்கு மறுபக்கம் இருக்கும் கொமார்னிட்சா ஆற்றுக்கும் போகிறது. ஒரே ஏரி, இரண்டு ஆறு. அடுத்த படிக்கு இதுதான் முக்கியம்.

8. உச்சி: தண்ணீர் இல்லாத மலை

ஏரிகள் நிறைந்த மலை, பனி உருகும் மலை, ஆகவே வழியெல்லாம் ஓடை இருக்கும் என்று நினைத்தேன். ஆளுக்கு ஒரு லிட்டர் எடுத்துப் போனோம். தப்பு, பெரிய தப்பு. காட்டைத் தாண்டி மேலே போனதும் தண்ணீர் மேற்பரப்பில் நிற்பதே இல்லை. பெய்வதும் உருகுவதும் பாறை வெடிப்புக்குள் இறங்கிவிடுகிறது. காலடியில் ஆறே ஓடலாம், நாக்கு நனையாது.

பகல் 12 மணிக்கு எங்கள் பாட்டில்கள் காலி. ஒரு குழிப் பள்ளத்தின் அடியில் போன வருடப் பனி அழுக்குப் போர்வை மாதிரி கிடந்தது. அதன் ஓரத்தில் ஒரு பாறை நுனி, அதிலிருந்து சொட்டு சொட்டாக வடிந்துகொண்டிருந்தது. தம்பி குப்புறப் படுத்துப் பாட்டில் வாயை அதன் கீழே பிடித்தான். அரை பாட்டில் நிறையக் கால் மணி நேரம். கை விறைத்து, பாட்டிலை என்னிடம் கொடுத்தபோது அவனால் மூடியைத் திருக முடியவில்லை. அதைத்தான் பங்கு போட்டுக் குடித்துக்கொண்டு இறங்கினோம். ஆளுக்கு மூன்று லிட்டர், குறைந்தது. கனக்கும்தான், தூக்குங்கள்.

போபோடோவ் கூக்குக்கு இரண்டு முக்கிய வழி.

கருப்பு ஏரியிலிருந்து ஏறினால் 1,100 மீட்டர் ஏற்றம், போய் வர ஒன்பது பத்து மணி நேரம். அந்த வழியில் பனிக்குகை ஒன்று இருக்கிறது. கோடையிலும் உள்ளே பனிக்கட்டித் தூண்கள் நிற்கும். வாசலில் நின்று பாருங்கள், இறங்காதீர்கள். உள்ளே சரிவு முழுக்க வழுக்கும் பனி. பலர் அந்தக் குகையோடு திரும்பிவிடுகிறார்கள், அதுவும் நல்ல நாள்தான்.

செட்லோ கணவாயிலிருந்து ஏறினால் தொடக்கமே 1,907 மீட்டர். போய் வர ஆறு ஏழு மணி நேரம். புதியவர்களுக்கு இதைத்தான் சொல்வேன். பஸ் கிடையாது. ஷப்லியாக்கில் முந்தின நாளே டாக்ஸி பேசுங்கள், போக வர இரண்டுக்கும் சேர்த்து, திரும்ப வரும் நேரத்தையும் சொல்லி. அங்கே நின்று போன் செய்து கூப்பிட்டுக்கொள்ளலாம் என்று நினைக்காதீர்கள், பல இடத்தில் சிக்னல் இல்லை. ஏழு மணிக்கு நடக்கத் தொடங்கினால் இடிக்கு முன் இறங்கிவிடலாம். நாங்கள் தொடங்கியது ஒன்பதே காலுக்கு. டாக்ஸிக்காரர் காபி குடித்து முடிக்கும் வரை காத்திருந்த கதை தனி.

பாதை அடையாளம் சிவப்பு வளையத்துக்குள் வெள்ளைப் புள்ளி. கல்லில், மரத்தில் அடித்திருப்பார்கள். மூடுபனி இறங்கினால் அடுத்த வளையம் தெரியும் வரை நகராதீர்கள், பள்ளங்கள் எல்லாம் ஒரே மாதிரி இருக்கும். பாதையை போனில் இறக்கி வைத்துக்கொண்டு போங்கள். ஸெலெனி வீர் என்ற குட்டி ஏரியைத் தாண்டியதும் ஏற்றம் செங்குத்தாகும். பிறகு ஒரு கணவாய், அதற்கு மேல் கடைசி 170 மீட்டர். அங்கே நடப்பதில்லை, கையைக் காலாகப் பயன்படுத்தி ஏறுவது. சில இடத்தில் இரும்புக் கம்பி கட்டியிருக்கிறார்கள். ஒரு பக்கம் கீழே ஷ்க்ர்ச்கா ஏரிகள் தெரியும், அதாவது அவ்வளவு நேராக விழுகிறது. உயரத்துக்குப் பயப்படுகிறவர் கணவாயிலேயே உட்கார்ந்துவிடலாம். நான் உட்கார்ந்துவிட்டேன். தம்பி போய் வந்தான். வெட்கமொன்றுமில்லை, காட்சி இரண்டு இடத்திலும் ஏறக்குறைய ஒன்றுதான் என்று அவனே சொன்னான்.

பையில் கட்டாயம்: மழைச்சட்டை, கம்பளிச் சட்டை, தொப்பி, கணுக்கால் மூடும் பூட்ஸ், முகத்துக்குக் கிரீம், விசில். சுண்ணாம்புப் பாறை நனைந்தால் சோப்பு மாதிரி. ஓட்டப் பந்தய ஷூவோடு வந்த ஒருவர் இறக்கத்தில் உட்கார்ந்தபடியே வந்துகொண்டிருந்தார். அவசரத்துக்கு எண் 112.

9. விலங்குகள்: பார்ப்பதும் தப்பிப்பதும்

கரடியும் ஓநாயும் இந்தக் காடுகளில் இருக்கின்றன. நீங்கள் பார்க்கும் வாய்ப்பு மிகக் குறைவு. அவை உங்களை முதலில் கண்டு விலகிவிடும். காட்டுப் பாதையில் பேசிக்கொண்டே நடங்கள், சாப்பாட்டுக் குப்பையைப் போடாதீர்கள், அதுபோதும்.

அதிகாலையில் உயரத்தில் இருந்தால் டிவோகோஸாவைப் பார்க்கலாம். பெயருக்குக் காட்டு ஆடு என்று பொருள், கொக்கி மாதிரி வளைந்த கொம்பு. ஸெலெனி வீருக்கு மேலே ஒன்று எங்களைப் பார்த்து மூக்கால் விசிலும் தும்மலும் கலந்த மாதிரி ஒரு சத்தம் போட்டது. மறுநொடி சரிவில் கல் உருளும் சத்தம், அதுவரை கண்ணில் படாத ஏழெட்டு ஆடுகள் பாறையில் ஓடின. மேலே பொன்னிறக் கழுகு வட்டமிடும். மஞ்சள் அலகு உள்ள கறுப்புக் காகங்கள் உச்சியில் உங்கள் பிஸ்கட்டுக்காகக் காத்திருக்கும், கொடுக்காதீர்கள்.

கவனிக்க வேண்டியவை இரண்டு. ஒன்று, போஸ்கோக் என்னும் மூக்கில் கொம்புள்ள விரியன். ஐரோப்பாவின் கொடிய விஷப் பாம்புகளில் ஒன்று. வெயில் காயும் கற்குவியலில் படுத்திருக்கும். பார்க்காமல் கல் இடுக்கில் கை வைக்கக்கூடாது, கம்பி பிடித்து ஏறும்போதும்தான். இரண்டாவது, ஆட்டு மந்தைக் காவல் நாய். கோடையில் மேய்ப்பர்கள் மேலே கட்டூன் என்ற குடிசைகளில் வந்து தங்குவார்கள். அவர்களுடைய ஷார்ப்லானினாட்ஸ் நாய்கள் ஓநாயையே விரட்டும் வகை. மந்தைக்கு நடுவே குறுக்காகப் போகாதீர்கள், சுற்றிப் போங்கள். நாய் குரைத்து வந்தால் ஓடாமல் நின்று மேய்ப்பரைக் கூப்பிடுங்கள். எனக்கு இந்த மலையில் உண்மையாகவே வயிறு கலங்கியது ஒரே ஒரு முறை, அது கரடியால் இல்லை.

10. தாராவில் படகு: எந்தக் கரை என்று கேளுங்கள்

தாரா பள்ளத்தாக்கைப் பார்க்க எளிய வழி, ஷப்லியாக்கிலிருந்து 20 கி.மீ. சொச்சம் தள்ளியிருக்கும் பாலம். ஆற்றுக்கு 172 மீட்டர் மேலே நிற்கிறது. பார்ப்பதற்குக் காசில்லை. நேரமிருந்தால் பள்ளத்தாக்கில் ட்ஸ்ர்ன போடா என்ற கருப்புப் பைன் காடு, 400 வயதைத் தாண்டிய மரங்கள், 50 மீட்டர் வரை உயரம். அண்ணாந்து பார்த்துக் கழுத்து வலித்தது.

ரப்பர் படகில் போவதென்றால் ஒரு நாள் பயணம் ஷ்செபான் போல்யே வரை 18 கி.மீ. சாப்பாட்டோடு ஆளுக்கு 50 யூரோ அளவில் கேட்டார்கள். மே மாதம் பனி உருகி ஆறு சீறும், ஆகஸ்டில் சாது. முதல்முறை போகிறவருக்கு ஆகஸ்டே சரி.

இங்கேதான் காகிதம் மறுபடி தலை நீட்டும். பயணத்தின் கடைசிப் பகுதியில் ஆறே எல்லை: ஒரு கரை மாண்டினீக்ரோ, மறு கரை போஸ்னியா. பல படகு முகாம்கள் போஸ்னியா பக்கம் இருக்கின்றன. விளம்பரத்தில் 'தாரா ராஃப்டிங்' என்று மட்டும் போட்டிருக்கும். ஐரோப்பியர்களுக்கு அது ஒரு பாலம் கடப்பது. நமக்கு இன்னொரு நாட்டின் விசா விதி, இன்னொரு எல்லை ஸ்டாம்ப். எங்களைப் போல 01 விசாவோடு போனவர்களை அங்கேயே திருப்பி அனுப்பலாம். பணம் கட்டும் முன், சாப்பிடும் முகாமும் படகு இறங்கும் இடமும் எந்த நாட்டில் என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். "பிரச்சினை இல்லை, வாங்க" என்ற பதில் வந்தால் வேறு ஆளைப் பாருங்கள்.

11. கிளம்பும் நாள்

மாலை விமானமாக இருந்தாலும் ஷப்லியாக்கிலிருந்து முதல் பஸ்ஸைப் பிடியுங்கள். பஸ் நேரத்தை முந்தின மாலையே நிலையத்துக்கு நடந்துபோய்க் கேளுங்கள், ஒட்டியிருக்கும் அட்டவணை பழசாக இருக்கலாம். எங்கள் பஸ் அட்டவணையில் 8.30, கவுன்டரில் கேட்டால் 7.45. பதிவுச் சீட்டைப் போட்கோரிட்சாவில் வெளியேறும் ஸ்டாம்ப் விழும் வரை கசக்கி எறியாதீர்கள். எங்களிடம் அதை யாரும் கேட்கவில்லை. வரிசையில் எனக்கு முன்னால் நின்றவரிடம் கேட்டார்கள். அவர் பைகளைத் தரையில் கொட்டித் தேடிக்கொண்டிருந்தபோது எங்கள் விமானத்துக்குக் கடைசி அழைப்பு வந்துவிட்டது.